சஹனுக்கு அடியில் ஈரம்

கமருன்னிஸாவுக்குப் பொய்யே வராது என்று அய்யம்பேட்டையில் அவள் தெருவே சொல்லும். ஒரே ஒரு பொய் சொன்னாள். அதையும் வாயால் சொல்லவில்லை, ஒரு செம்புத் தண்ணீரால் சொன்னாள்.

அவள் கணவன் மூஸாவுக்கு ஷார்ஜாவில் சிமெண்டுத் தரைகளுக்குக் கோட்டிங் அடிக்கும் வேலை. ஊரான் வீட்டுத் தரையெல்லாம் அவன் கையால் பளபளத்தது. சொந்த வீட்டிலோ எத்தனை முறை பெருக்கினாலும் சிமெண்டு மாவாய் உதிர்ந்து காலில் ஒட்டும். சிந்திய எண்ணெய் கறையாகவே தங்கிவிடும். நாலு வருஷம் கழித்து லீவில் வந்தவன் திருச்சியில் இரண்டு டின் கோட்டிங் வாங்கிவந்து நடுக்கூடத்தில் வைத்தான்.

"இத என் கையால அடிச்சிட்டுத்தான் பிளைட் ஏறுவேன், கமரு."

வயலைத் தூர்த்துக் கட்டிய வீடு அது, பின்னால் வாய்க்கால். தரைக்குள் ஈரம் இருக்கும்போது அடித்தால் கோட்டிங் கொப்புளம் கொப்புளமாய்க் கிளம்பிவிடும். அதனால் விருந்துச் சோற்றை நாலு பேர் சேர்ந்து உண்ணும் பெரிய தட்டான சஹனைத் தரையில் கவிழ்த்து, பிரியாணிக்குத் தம் போடுவதுபோல ராத்திரியே ஓரமெல்லாம் மைதா மாவால் ஒட்டினான். மறுநாள் திறக்கும்போது உள்ளே ஈரம் தெரிந்தால் தரை காயவில்லை என்று அர்த்தம்.

மறுநாள் விடியலில் அவன் சுபுஹு தொழப் பள்ளிவாசலுக்குப் போனதும் அவள் ஆசையை அடக்க முடியாமல் மாவைப் பெயர்த்துப் பார்த்தாள். சொட்டு ஈரம் இல்லை. இன்றைக்குக் கோட்டிங், நாளைக்கு டிக்கெட், அப்புறம் இன்னொரு நாலு வருஷம். கை தானாகச் செம்புக்குள் போனது. தண்ணீர் தெளித்து, புது மாவு பிசைந்து ஒட்டிவிட்டு, ஒன்றும் அறியாதவள்போல் அடுப்படிக்குப் போய்விட்டாள்.

திரும்பிவந்த மூஸா ஓரத்தை விரலால் தடவினான், திறந்தான், உதட்டைப் பிதுக்கினான். "நாளைக்குப் பாப்போம்."

அந்த நாளை தினமும் வந்தது. ஒருமுறை டிக்கெட்டைத் தள்ளிப் போட்டான். அந்த மாதக் கடைசிக்குள் திரும்பாவிட்டால் விசா காலி என்று டிராவல்ஸ்காரர் சொன்னதிலிருந்து அவளுக்குச் சோறு இறங்கவில்லை. தண்ணீர் தெளித்தால் பிழைப்பு போகும், தெளிக்காவிட்டால் புருஷன் போவான். ஆனாலும் ஒவ்வொரு விடியலிலும் செம்பை எடுத்தாள். பாவி மனசு கேட்டால்தானே!

கடைசியில் ஒருநாள் செம்பைத் தொடுவதில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டு இருந்துவிட்டாள். மூஸா சஹனைத் தூக்கினான். உட்புறமெல்லாம் முத்து முத்தாய் வேர்த்து, தம் மூடியைப் போலச் சொட்டியது. அவள் கொல்லைப்பக்கம் ஓடினாள். மேட்டூரில் திறந்த தண்ணீர் வாய்க்காலில் கரை தொட்டு ஓடிக்கொண்டிருந்தது. தூர்த்த வயல் ராத்திரியோடு ராத்திரியாக அதைக் குடித்திருந்தது.

"இனிமே அறுப்பு முடியாம காயாது" என்றான் மூஸா. டின்களைப் பரணில் ஏற்றினான். அந்த வாரமே போய்விட்டான். பஸ் ஏறும்வரை தரையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அந்த மௌனம் அவளை அரித்தது. காய்ந்து கிடந்த நாளையெல்லாம் பாழாக்கியவள் தான்தானே என்று பெருக்கும்போதெல்லாம் அழுதாள்.

தை அறுப்பு முடிந்து வயல் வெடித்த பிறகு, அவளே மாவு பிசைந்து சஹனைக் கவிழ்த்துப் பார்த்தாள். வெள்ளிக்கிழமை எஸ்டிடி பூத்துக்கு அவன் போன் வந்ததும் முதல் வேலையாகக் கொட்டிவிட்டாள்.

"தரை காஞ்சிருச்சு, மச்சான். நீங்க இருந்தப்பவே காஞ்சுதான் இருந்துச்சு. நான்தான்..."

"தெரியும், கமரு."

அவள் ரிசீவரை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

"ராத்திரி நான் ஒட்டுன மாவு காலையில பசபசன்னு இருந்தா தெரியாதா? முத நாளே தெரியும்."

"அப்ப ஏன் ஒண்ணும் சொல்லல?"

"சொல்லியிருந்தா அன்னிக்கே அடிச்சிட்டுக் கிளம்பியிருக்கணுமே" என்றான் மூஸா.