டீட்மார் ஹென்சலின் பதினான்காவது கோடை

என் கணவன் டீட்மார் ஹென்சல் தொலைக்காட்சியில் நான்கு முறை செத்திருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை துப்பறியும் தொடர்களில் பிணமாகக் கிடக்க அவனை விட்டால் ஆள் இல்லை என்று பெயர் வாங்கியிருந்தான். கண் இமைகூட அசையாது. வீட்டில் பாத்திரம் கழுவச் சொன்னால் அதே திறமையை சோபாவில் காட்டுவான்.

பிறந்தது வட ஜெர்மனியின் கடற்கரை ஊரான பிரேமர்ஹாஃபனில். அப்பா துறைமுகத்து மீன் ஏலக்கூடத்தில் பெட்டி தூக்கியவர். குளிரில் விரல் விறைத்தே வாழ்க்கை போயிற்று. மகன் நடிக்கப் போகிறேன் என்றதும் அந்த மனிதர் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாராம்.

"அங்க ஹீட்டர் இருக்குமா?"

"இருக்கும்ப்பா."

"அப்ப போ."

நடிப்புப் பள்ளிகள் அவ்வளவு சுலபமாக விடவில்லை. ஊர் ஊராக ரயிலேறிப் போய் நடித்துக் காட்டினான், ஊர் ஊராகக் கதவைச் சாத்தினார்கள். மூக்கு பெரிது என்றார்கள், குரல் சிறிது என்றார்கள். கடைசியில் ஒரு பள்ளி போனால் போகிறதென்று சேர்த்துக்கொண்டது. அதன் பிறகு எங்கள் மேடை ஆட்கள் எல்லாரையும் போல இரண்டு நாடகப் பருவம் ஓர் ஊர், மூன்று பருவம் இன்னோர் ஊர். எங்கேயும் சுவரில் ஆணி அடித்ததில்லை. எப்படியும் காலி செய்யப்போகிற வீட்டுக்குப் படம் எதற்கு என்பான்.

ஹார்ட்ஸ் மலைக்குக் கீழே இருக்கும் எங்கள் ஊர் நாடக அரங்குக்கு வந்தபோது அவனுக்கு முப்பத்தாறு வயது. நான் இந்த ஊர்க்காரி. முன்வரிசை ஓரத்தில் பிரதியோடு உட்கார்ந்து, நடிகர்களுக்கு வசனம் மறந்தால் எடுத்துக்கொடுப்பது என் வேலை. என் பெயர் அல்முட். மேடையில் யாரும் என்னைப் பார்க்க மாட்டார்கள், ஆனால் நான் ஒரு நாள் தொண்டை கட்டிப் படுத்தால் ஒருவரும் மேடையேறச் சம்மதிக்க மாட்டார்கள்.

வந்த வருஷம் கிறிஸ்துமஸ் சிறுவர் நாடகத்தில் அவனுக்குக் கரடி வேடம். முதல் காட்சிக்கு முன்னால், அதிர்ஷ்டத்துக்காக எங்கள் வழக்கப்படி, ஒவ்வொருவர் இடது தோளுக்கு மேலேயும் "தொய் தொய் தொய்" என்று துப்புவது போலச் சொல்லிக்கொண்டு வந்தேன். அதற்குப் பதில் சொல்லக் கூடாது. அதிலும் நன்றி சொன்னால் தொலைந்தது. எத்தனையோ மேடை ஏறியவன், அது தெரியாதவனா? ஆனால் பேருந்து ஓட்டுநருக்கும் தபால் பெட்டிக்கும் நன்றி சொல்லும் ரகம். வாய் தவறி, "ரொம்ப நன்றிங்க" என்றான். ஒப்பனை அறையே உறைந்துவிட்டது.

இரண்டாம் காட்சியில் கரடித் தலை கழன்று உருண்டு, மேடைக்கு முன்னால் இசைக்குழு உட்காரும் பள்ளத்தில் விழுந்தது. பிள்ளைகளுக்கு ஒரே கொண்டாட்டம். மனிதத் தலையோடு நின்ற கரடி குனிந்து பள்ளத்தைப் பார்த்து, "அது என்னோடதுதான், கொஞ்சம் எடுத்துக் குடுங்க" என்றது. அரங்கம் அதிர்ந்தது. எனக்கோ கோபம். கேன்டீனில் பிடித்துக்கொண்டேன்.

"வாய வெச்சுக்கிட்டு சும்மா இருக்க முடியாதா உனக்கு? நன்றி சொல்றானாம் நன்றி!"

கேன்டீன் நடத்தும் ரோஸ்வித்தா சூப் கரண்டியை உள்ளே வைத்துவிட்டாள். "இவனுக்கு இன்னைக்கு சூப் கிடையாது. என் சட்டியும் உருண்டு போயிடும்."

அவன் என்னைப் பார்த்து, "இந்த ஊர்ல இதுவரைக்கும் யாரும் என்னைத் திட்டல. எல்லாரும் மரியாதையாவே பேசினாங்களா, ஒட்டவே இல்ல. நாளைக்கும் திட்டுவியா?" என்றான்.

திட்டினேன். அடுத்த வசந்தத்தில் கல்யாணம். வீட்டில் அவனே ஆணி அடித்தான், கோணலாக.

பிறகுதான் தொலைக்காட்சித் தொடர் வந்தது. மாலை நேரத்தில் வரும் கிராமத்துக் கால்நடை மருத்துவர் வேடம். நான்கு வருஷம், கோடை தோறும் படப்பிடிப்பு. ஊரில் சந்தைக்குப் போக முடியாது. இறைச்சிக் கடை வரிசையில் யாராவது நாயைத் தூக்கிக் கொடுத்துவிடுவார்கள்.

"டாக்டர், இவன் படியேற மாட்டேங்கிறான்."

"சாப்பாட்டைக் கொஞ்சம் குறைங்கம்மா" என்பான் டீட்மார். எந்த நாய்க்கும் அதே வைத்தியம். பாதிக்கு மேல் குணமானதுதான் வேடிக்கை. தொடர் முடிந்தபோது மருத்துவரைக் கனடாவுக்கு அனுப்பிக் கதையை முடித்தார்கள். மியூனிக்கிலிருந்து வேறு வாய்ப்புகள் வந்தன. போகவில்லை. கேமராவுக்கு முன்னால் எவ்வளவு நன்றாகச் செய்தாலும் யாரும் சிரிக்கும் சத்தம் கேட்பதில்லை என்பான். அவனுக்கு எங்கள் அரங்கின் மூன்றாம் வேடங்கள் போதும், சமையல்காரன், நீதிபதி, மாமனார். காலையில் ஒத்திகை, மத்தியானம் ரோஸ்வித்தாவின் பயறு சூப், சாயங்காலம் மேடை. இவ்வளவு நிம்மதியான மனிதனை நான் பார்த்ததில்லை. எரிச்சலாகக்கூட இருக்கும்.

அந்த நிம்மதிக்கு வேட்டு வைக்க வந்தது பதினான்காம் வருஷம். எங்கள் தொழிலில் இது எல்லாருக்கும் தெரியும். ஒரே அரங்கில் பதினைந்து வருஷம் ஓட்டிவிட்டால் அந்த நடிகரை யாரும் அசைக்க முடியாது, ஓய்வு பெறும்வரை அங்கேதான். அதனாலேயே பதினான்காவதில் கழற்றிவிடுவார்கள். யாருக்கும் யார்மேலும் பகை கிடையாது, வழக்கம். ஆனால் அதற்கு ஒரு முறை உண்டு. அரங்கின் தலைவர் நடிகரை நேரில் உட்காரவைத்து, உன்னை நீட்டிக்கப்போவதில்லை என்று குறிப்பிட்ட நாளுக்குள் வாயால் சொல்ல வேண்டும். அந்த நாள் தாண்டினால் ஒப்பந்தம் தானாக நீண்டுவிடும்.

எங்களுக்கு அப்போது புதுத் தலைவர், லோரென்ட்ஸ் ஃபாபர். கெட்டவர் இல்லை. தன்னோடு இளசுகளைக் கூட்டிவந்திருந்தார், பழையவர்களுக்கு இடம் இல்லை. ஒவ்வொருவராகக் கூப்பிட்டுச் சொல்லி முடித்தார். டீட்மாரை மட்டும் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தார், முகம் பார்த்துச் சொல்ல வாய் வரவில்லை போலிருக்கிறது. கடைசியில் கடைசி நாளுக்கே வைத்தார். ஜூலை மாதம், வெள்ளிக்கிழமை, பதினொரு மணி.

ஐம்பது வயது மூன்றாம் வேடக்காரனை எந்த ஊர் எடுக்கும்? எடுத்தாலும் எங்கோ எல்லையில், ஒற்றை அறையில் இருப்பான். மாதம் ஒரு ஞாயிறு ரயிலேறி வருவான். எங்கள் தொழிலில் அப்படி எத்தனையோ தம்பதிகள். ரயில் நிலையத்திலேயே கல்யாணம் தேய்ந்து போனதைப் பார்த்திருக்கிறேன். நான் இரவெல்லாம் ரயில் அட்டவணையைப் புரட்டினேன். அவனோ வியாழக்கிழமை உட்கார்ந்து ஷூ பாலிஷ் போட்டான்.

"போறதுதான் போறோம், பளபளன்னு போவோம்" என்றான்.

வெள்ளிக்கிழமை காலை எட்டு மணிக்குத் தொலைபேசி. தெற்கே இரண்டு மணி நேரத் தொலைவில், காட்டுக்குள் இருக்கும் திறந்தவெளி அரங்கிலிருந்து. அங்கே மாவுமில்காரராக நடிக்கிறவர் படியில் விழுந்து காலை உடைத்துக்கொண்டாராம். மத்தியானம் மூன்று மணிக்கு ஆட்டம், டிக்கெட் எல்லாம் விற்றாயிற்று. அந்த வேடத்தை டீட்மார் என்றோ ஒரு காலத்தில் செய்திருக்கிறான். வர முடியுமா?

இப்படிக் கூப்பிட்டால் எங்கள் ஆட்கள் இல்லை என்று சொல்லவே மாட்டார்கள். வீட்டில் அடுப்பு எரிந்துகொண்டிருந்தாலும் அணைத்துவிட்டுக் கிளம்புவார்கள். ஆனால் தலைவரின் அனுமதி வேண்டும். டீட்மார் ஃபாபரைக் கூப்பிட்டான். நான் காதை ஒட்டிவைத்துக் கேட்டேன்.

"லோரென்ட்ஸ், போகட்டுமா? ஆனா இன்னைக்குப் பதினொரு மணிக்கு நம்ம பேச்சு இருக்கு."

"பேச்சு கிடக்கட்டும்ப்பா! ஒரு கூட்டமே காத்திருக்கு. நம்ம அரங்கு ஆளு வந்து காப்பாத்தினான்னு அவங்க சொல்லணும். ஓடு!"

போனை வைத்துவிட்டு இருவரும் ஒருவரையொருவர் பார்த்தோம்.

"டீட்மார், இன்னைக்குத்தான் கடைசி நாள்னு அந்த ஆளு மறந்துட்டார்."

"நான் சொல்லிட்டேன் இல்ல? அதுக்கு மேல என்ன? வண்டியை எடு. எனக்கு ஒரு வசனமும் ஞாபகமில்ல."

வழியெல்லாம் நான் வண்டி ஓட்ட, அவன் மடியில் பிரதியை வைத்து முணுமுணுத்தான். அங்கே மேடை ஓரத்தில் ஒரு பெரிய காட்டு மரம். அதன் பின்னால் என்னை உட்காரவைத்தார்கள். ஒட்டு மீசை, மாவு படிந்த கோட்டு, மில்காரர் தயார். மலைச்சரிவு பெஞ்சுகளில் ஒரே ஜனம். குடும்பம் குடும்பமாக, கூடையில் உருளைக்கிழங்கு சாலடோடு.

முதல் பாதி நன்றாகப் போயிற்று. இடைவேளை முடிந்ததும் மரத்தின் ஓரமாக எட்டிப் பார்த்தேன். இரண்டாம் வரிசையில் ஃபாபர்! வியர்த்து விறுவிறுத்து, கழுத்துப் பட்டையைத் தளர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அலுவலகத்தில் யாரோ ஞாபகப்படுத்தியிருக்கிறார்கள். அடித்துப் பிடித்து ஓட்டி வந்திருக்கிறார். நடுவில் வந்து சொல்ல மாட்டார். மேடையேறும் நடிகனிடம் கெட்ட செய்தி சொல்ல எங்களில் யாருக்கும் நா எழாது. ஆனால் ஆட்டம் முடிந்தும் நாள் மிச்சமிருக்கும். சொல்லி முடிக்க ஒரு நிமிடம் போதும்.

டீட்மாரும் அவரைப் பார்த்துவிட்டான். எனக்குத் தெரியும், ஏனென்றால் அடுத்த வசனத்தில் நின்றான். என் பக்கம் காதைச் சாய்த்தான். நான் பிரதியைப் பார்க்கிறேன், எழுத்தெல்லாம் நீரில் மிதக்கிறது. எந்த வரி என்றே தெரியவில்லை. இத்தனை வருஷத்தில் முதல் முறையாக எனக்கு வாய் அடைத்துப்போயிற்று.

மில்காரர் மெதுவாக நடந்து மரத்தடிக்கு வந்து, இடுப்பில் கை வைத்து நின்றார்.

"கல்யாணமான நாள்லேருந்து இந்த மரத்துக்குப் பின்னாலேருந்து ஒரு பொம்பளை விடாம பேசிக்கிட்டே இருந்தா" என்றார் ஜனங்களைப் பார்த்து. "இன்னைக்கு எனக்கு வேணும்ங்கிறப்ப பாருங்க, சத்தமே காணோம்!"

சரிவு முழுக்கச் சிரிப்பு உருண்டது. அந்த நேரம் பார்த்து மழையும் பிடித்துக்கொண்டது. ஒருவர்கூட எழுந்திருக்கவில்லை. சாலடை மூடினார்கள், பிளாஸ்டிக் கோட்டை மாட்டினார்கள், கைதட்டினார்கள். எனக்கு வரி கிடைத்துவிட்டது, கத்தியே சொன்னேன், அதற்கும் சிரித்தார்கள். ஃபாபர் கோட்டு இல்லாமல் நனைந்தபடி தொடையில் அடித்து அடித்துச் சிரித்துக்கொண்டிருந்தார். எதற்கு வந்தோம் என்பதே அந்த ஆளுக்கு மறந்திருக்கும் என்று ஒரு கணம் நினைத்தேன்.

மறக்கவில்லை. வணக்கம் சொல்லித் திரும்பிய நடிகர்களை ஜனங்கள் ஐந்தாறு தடவை மேடைக்குத் திரும்பக் கூப்பிட்டார்கள். அது அடங்கியதும் ஒப்பனைக் கூடாரத்துக்குள் ஃபாபர் வந்து நின்றார். தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. வெளியே இன்னும் வெளிச்சம், மணி ஐந்தரைகூட ஆகவில்லை. டீட்மார் பாதி மீசையை உரித்த நிலையில் எழுந்து நின்றான். நான் அவன் கையைப் பிடித்துக்கொண்டேன். கூடாரத் துணியில் மழை தட்டியது.

டீட்மார்தான் தொடங்கினான். எனக்கு அவனை அறையலாம் போலிருந்தது.

"லோரென்ட்ஸ், நம்ம பேச்சு பாக்கி இருக்கே. இப்பவே பேசிடலாம், அல்முட் இருந்தாப் பரவாயில்ல."

ஃபாபர் அவனைப் பார்த்தார். அந்தப் பாதி மீசையைப் பார்த்தார். வெளியே ஜனங்கள் இன்னும் சிரித்துப் பேசிக்கொண்டு சரிவில் இறங்கும் சத்தத்தைக் கொஞ்ச நேரம் கேட்டார். முகத்தைக் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டார்.

"என்னப்பா அவசரம்?" என்றார். "நாளைக்குப் பேசிக்கலாம்."