கோகிலவாணி கேட்டு வாங்கிய ஊர்விலக்கு

ஒருவரைப் பற்றி ஊர் எந்த அளவுக்கு விசாரித்தால் அது அக்கறை, எந்த அளவைத் தாண்டினால் அது இடைஞ்சல்? கோகிலவாணியின் வாழ்க்கையைப் பக்கத்தில் இருந்து பார்த்தவர்களுக்கு இந்தக் கேள்வி எழுந்திருக்க வேண்டும். எழவில்லை. பார்த்தவர்கள் எல்லோரும் விசாரிப்பதில் மும்முரமாக இருந்தார்கள்.

மலைமேல் ஆலத்தூர் நாட்டில் முப்பத்தாறு வீடுகள் கொண்ட ஊர் அவளுடையது. அங்கே ஒரு வீட்டில் இருமினால் மூன்றாவது வீட்டிலிருந்து, மருந்து குடித்தாயா என்று குரல் வரும். மிளகு பறிக்க ஏணியைத் தோளில் வைத்தால், எந்த மரத்துக்கு, யார் ஏறுவது, போன வருஷத்துக்கு இந்த வருஷம் காய்ப்பு எப்படி என்று நாலு பேருக்காவது பதில் சொல்லிவிட்டுத்தான் காட்டுக்குப் போய்ச் சேர முடியும். கேட்காமல் கடந்துபோனால் பகை என்று பொருள். கேட்டதற்குப் பதில் சொல்லாவிட்டால் இன்னும் பெரிய பகை.

அவள் புருஷன் சந்தோஷ்குமார் ஆறு வருஷமாகத் திருப்பூரில் பனியன் கம்பெனியில் துணி வெட்டும் வேலையில் இருந்தான். மகள் நாமக்கல்லில் விடுதியில் தங்கிப் படித்தாள். இரண்டு ஏக்கர் மிளகையும் மரவள்ளியையும் கோகிலவாணி தனியாகவே பார்த்துக்கொண்டாள். அந்த ஆறு வருஷமும் ஊர் அவளிடம் தினமும் கேட்ட கேள்வி ஒன்றே: "சந்தோசு எப்பக் கண்ணு வாரான்?" அவளும் தினமும் ஒரே பதிலைச் சொன்னாள். "வந்துருவாருங்க."

இந்த ஆடியில் பன்னிரண்டு நாள் விடுப்பில் அவன் வந்தான். மலைப்பாதையின் எழுபது வளைவுகளிலும் ஒரு அட்டைப்பெட்டியை மடியிலேயே வைத்திருந்தான். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் அது என்ன என்று கேட்டு, அந்தப் பதில் அவன் வீடு வந்து சேர்வதற்குள் ஊருக்கு வந்து சேர்ந்திருந்தது. டிவியில் மாட்டி விளையாடும் கேம் பெட்டி. திருப்பூரில் அறையில் கூட இருந்தவனிடம் பழையதாக வாங்கியது. வட்டு போடுவதற்கு வாயே இல்லாத வகை. எந்த விளையாட்டானாலும் இன்டர்நெட்டில் இருந்து இறக்கித்தான் ஆக வேண்டும். அவனுக்கு வேண்டிய ஆட்டம் நாற்பது ஜிபி.

"இது இங்க ஓடுச்சுன்னா நான் இங்கயே இருந்துக்கறேன் கோகிலா," என்றான். "மிளகை நான் பாத்துக்கறேன். ஓடலீன்னா திங்கக்கிழமை காலையில பஸ்."

"அதுக்கும் இதுக்கும் என்னங்க சம்பந்தம்?"

"திருப்பூர்ல வேலை முடிஞ்சா ரூம்ல உக்காந்து இதைத்தான் ஆடுவோம். இங்க ஆறு மணிக்கு மேல நான் என்ன பண்றது? வாசல்ல உக்காந்தா, எப்பப் போறே எப்பப் போறேன்னு கேட்டே பஸ் ஏத்தி உட்டுருவாங்க."

ஆறு வருஷம் கூப்பிட்டும் வராத ஆளை ஒரு பெட்டி நிறுத்திவைக்கும் என்பது கோகிலவாணிக்கு மரியாதையாகப் படவில்லை. ஆனாலும் அவள் வாதாடவில்லை. ஆள் தங்கட்டும், காரணத்தைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தாள். இதைப் பெருந்தன்மை என்று சொல்வதற்கில்லை. மரவள்ளிக்குக் களை எடுக்க அவளுக்கு ஆள் இல்லை.

"அந்த ஆட்டத்துல என்னங்க பண்றது?"

"காட்டை உழுவலாம். டிராக்டர் இருக்குது. விதைக்கலாம், களை எடுக்கலாம், அறுத்து விக்கலாம்."

கோகிலவாணி சன்னல் வழியே தன் காட்டைப் பார்த்தாள். "மழை வந்தா அழுகிப் போவுமுங்களா?"

"மழையை வேணும்னா நிறுத்தி வெச்சுக்கலாம்."

"அப்பச் சரிங்க," என்றாள். அந்த ஒரு வசதிக்காகவே அது நாற்பது ஜிபி இருக்கலாம் என்று அவளுக்குத் தோன்றியது.

வீட்டுக்குள் சிக்னல் கிடையாது. பலாமரத்தின் இரண்டாவது கிளையில் மட்டும் நன்றாக வரும். அதனால் வீட்டுப் போனை மஞ்சள் பையில் போட்டு அந்தக் கிளையில் கட்டி, அதிலிருந்து பெட்டிக்கு இன்டர்நெட் கொடுத்தார்கள். முதல் நாள் பதினான்கு சதவீதத்தில் நின்றது. சந்தோஷ்குமார் பெட்டியை அணைத்துப் போட்டான். இருபத்தொன்றில் நின்றது. பழைய சொந்தக்காரன் விட்டுப்போன ஆட்டங்களை எல்லாம் அழித்து இடம் ஒழித்தான். முப்பத்தெட்டில் நின்றது. ஐந்தாம் நாள், இந்த மலைக்கும் நமக்கும் ஒத்துவராது என்று சொல்லிவிட்டு, வாசலூர்பட்டி ஏரியில் படகு பார்க்கப் போய்விட்டான்.

அதன்பிறகு கோகிலவாணி பெட்டியை எடுத்துக்கொண்டாள். காட்டுப்பன்றி எந்தப் பக்கமாக நுழைகிறது என்று தெரியாமல் வேலி போட்டு என்ன பிரயோசனம் என்பது அவள் கணக்கு. நாட்காட்டியில் கிழித்த தாள்களின் பின்பக்கத்தில், பெட்டி நின்ற நேரத்தை ஒரு பக்கமும் அந்த நேரத்தில் வீட்டில் நடந்ததை மறுபக்கமும் எழுதினாள். இரண்டு நாளில் இப்படி ஆனது:

காலை 8.10. ஊர்க்கோடி வீட்டு மாணிக்கம் மாமா போன். டவுன்லோடு ஆகிவிட்டதா என்று கேட்டார்.

10.40. பக்கத்து வீட்டு ராதிகா போன். அதையே கேட்டாள்.

11.05. தூறல். போன் நனைகிறதே என்று ராதிகா அதை மரத்திலிருந்து எடுத்துவந்து அடுப்போரம் வைத்தாள்.

மாலை 3.20. மாணிக்கம் மாமா நேரில். டிவியில் படம் எதுவும் ஓடவில்லை, கரண்டு வீணாகிறது என்று சுவிட்சை நிறுத்தினார். அறுபத்தொன்று, சைபர் ஆனது.

கடைசி வரியை எழுதும்போது அவளுக்கு விஷயம் பிடிபட்டது. அந்தப் போனுக்கு அழைப்பு வந்தால் இன்டர்நெட் அறுந்துவிடும். பெட்டி கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டு நின்றுவிடும். யாராவது போய்ப் பொத்தானைத் தட்டினால்தான் மறுபடி நகரும். பாதியில் கரண்டை நிறுத்தினாலோ வந்ததெல்லாம் பாழாகி முதலில் இருந்து தொடங்கும். இறங்கிவிட்டதா என்று ஊர் கேட்பதால்தான் அது இறங்கவில்லை.

யாரும் கூப்பிட வேண்டாம் என்று அவள் தணிவாகச் சொல்லிப் பார்த்தாள். ஏன் கூப்பிடக் கூடாது என்று கேட்க அன்று மட்டும் பதினேழு பேர் கூப்பிட்டார்கள். சந்தோஷ்குமார் மாணிக்கத்தின் நம்பரைத் தடுத்து வைத்தான். அரைமணி நேரத்தில் மாணிக்கம் மூச்சிரைக்க வந்து நின்றார்.

"என்ற போன்ல என்னமோ கோளாறு கண்ணு. உனக்கு மட்டும் போவ மாட்டேங்குது. உன்ற போனை எடுத்து எனக்கு ஒரு கால் போடு, பாப்போம்."

அப்போது எழுபத்து மூன்று சதவீதம். கோகிலவாணி அவர் முகத்தைப் பார்த்தாள். மனுஷர் உண்மையாகவே கவலைப்பட்டிருந்தார். மரத்தில் இருந்து பையை அவிழ்த்தாள். போகும்போது அவர், கரண்டு வீணாகிறதே என்று டிவி சுவிட்சையும் நிறுத்திவிட்டுப் போனார்.

விடுப்பில் மூன்று நாள் மிச்சம் இருந்தபோது, வெள்ளிக்கிழமை சாயங்காலம், ஊர் கூடியிருந்த கோயில் திடலுக்கு அவள் போனாள். அங்கே ஊர்த்தலைவரான ஊர்க்கவுண்டர் கருப்பண்ணன் வெற்றிலைக்குக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தார்.

"பெரீப்பா, எங்கூட்டை ரெண்டு நாளைக்கு ஊர்விலக்கு பண்ணி வெய்ங்க."

வெற்றிலை கையிலேயே நின்றது. விலக்கி வைத்தால் அந்த வீட்டு வாசலை யாரும் மிதிக்கக் கூடாது, பேசக் கூடாது, எதையும் கொடுக்கவோ வாங்கவோ கூடாது. அது பழைய தண்டனை. கடைசியாக யாருக்கு எப்போது விதித்தார்கள் என்பதிலேயே ஊருக்குள் இரண்டு கட்சி.

"என்ன குத்தம் பண்ணுனே சாமி?" என்றார் கருப்பண்ணன்.

"ஒண்ணும் பண்ணலீங்க. டவுன்லோடு ஆவணுமுங்க."

அவள் நாட்காட்டித் தாள்களைக் காட்டி விளக்கினாள். கருப்பண்ணன் பொறுமையாகக் கேட்டார்.

"சரி, அது வந்து எறங்குனா சந்தோசு அதுல என்ன பண்ணுவான்?"

"வெவசாயம் பண்ணுவாருங்க."

"காடு எங்க?"

"டிவிக்குள்ளயுங்க."

"வரப்புத் தகராறு உண்டா?"

"இல்லீங்க."

"அப்ப நல்ல காடுதான்," என்றார் கருப்பண்ணன். "ஆனாக் குத்தமில்லாம விலக்க எனக்கு அதிகாரமில்ல கண்ணு. போன் பண்ணக் கூடாதுன்னு சொல்றதுக்கும் அதேதான். ஒரு குத்தம் வேணும்."

"நீங்களே ஒண்ணு வெச்சுக்கங்க பெரீப்பா."

"நாங்களா வெச்சுக்க முடியாது. நடந்ததா இருக்கோணும். யாருக்காச்சும் தெரியுமா?"

பிறகு ராதிகா தயங்கித் தயங்கி எழுந்தாள். "அக்காவுக்கு ஒதவியா இருக்கட்டுமேன்னு சொல்றேனுங்க. தை மாசம் எம்புள்ளைக்குக் காது குத்துனப்ப, அக்கா பந்தியில உக்காராம சோத்தை வாங்கிக்கிட்டு ஊட்டுக்குப் போயிட்டாங்க."

"என்ற நம்பரைத் தடுத்து வெச்சிருக்குது," என்றார் மாணிக்கம். "இன்னிக்குத்தான் தெரிஞ்சுது. ஒதவியாத்தான் சொல்றேன்."

அதன்பிறகு உதவி பெருகியது. மூன்று வருஷத்துக்கு முன் ஒரு ஆட்டை மண்ணாங்கட்டியால் அடித்தது வந்தது. கேட்டவர்களுக்கெல்லாம் 'வந்துருவாருங்க' என்று சொல்லிவிட்டு, ஒருத்தியிடம் மட்டும் 'தெரியலீங்க' என்று சொன்னது வந்தது. தேதி, நேரம், அன்று அவள் கட்டியிருந்த சேலை நிறம் உட்பட வந்தன. ஆறு வருஷமாக எல்லோரும் தன்னை நலம் விசாரித்தார்கள் என்றுதான் கோகிலவாணி நினைத்திருந்தாள். குறிப்பும் எடுத்திருக்கிறார்கள் என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. நாட்காட்டித் தாள்களை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"போதும், போதும்," என்று கருப்பண்ணன் கையை உயர்த்தினார். "ரெண்டு நாளைக்கு இத்தனை வேண்டாம். பந்தியில உக்காராத குத்தம் ஒண்ணு போதும். நாளைக்குப் பொழுது விடிஞ்சதுல இருந்து ஞாயித்துக்கிழமை சாயங்காலம் வரைக்கும். முடிஞ்சதும் நான் வந்து வாசல்ல தண்ணி ஊத்தி ஊரோட சேத்துக்குவேன். அன்னிக்கு ஊருக்கெல்லாம் உன்ற ஊட்டுலதான் சாப்பாடு. சம்மதமா?"

"சம்மதமுங்க."

சனிக்கிழமை காலையில் இருந்து போன் அடிக்கவில்லை. பத்து மணிக்கு இருபது. தூறல் வந்தது, பை மரத்திலேயே பிளாஸ்டிக் உறைக்குள் நனையாமல் தொங்கியது. மத்தியானம் முப்பத்தொன்று. பெட்டியைப் பார்த்துக்கொண்டே இருந்தால் அது வேகமாக ஓடுவதில்லை என்று சந்தோஷ்குமார் கண்டுபிடித்துவிட்டு, செய்வதற்கு வேறு எதுவும் இல்லாததால், மரவள்ளிக் காட்டில் இறங்கி இரண்டு வரிசை களை எடுத்தான். நீ எப்போது களை எடுக்கக் கற்றுக்கொண்டாய் என்று யாரும் கேட்கவில்லை. அவன் நிமிர்ந்து நாலாபக்கமும் பார்த்துவிட்டு மூன்றாவது வரிசைக்குப் போனான்.

ராதிகாதான் ரொம்பச் சிரமப்பட்டாள். ஞாயிற்றுக்கிழமை காலை வேலிக்கு அந்தப் பக்கம் தன் ஆட்டைக் கட்டிவிட்டு அதனிடம் உரக்கப் பேசினாள்.

"ஏ ஆடு, பக்கத்துல எத்தனை பெர்சன்ட் ஆச்சோ ஒண்ணும் தெரியலையே. எனக்கு ராத்திரி சோறே எறங்கல."

கோகிலவாணி முற்றத்தில் கோழிக்குத் தவிடு போட்டுக்கொண்டிருந்தாள். "ஏ கோழி, எம்பத்தி நாலு ஆச்சு," என்றாள். "தின்னுட்டுப் போய்ப் பொழப்பைப் பாரு."

ஆடு கத்தியது. ராதிகா நிம்மதியாகப் போனாள். எண்பத்து நான்கு என்ற செய்தி, விலக்கு மீறப்படாமலே, பத்து நிமிஷத்தில் முப்பத்தைந்து வீடுகளுக்கும் போய்ச் சேர்ந்தது.

நாலு மணிக்கு முழுவதும் இறங்கியது. சந்தோஷ்குமார் டிவி முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்து டிராக்டரைக் கிளப்பினான். பச்சைப் பசேலென்று ஒரு காடு, எல்லையே தெரியவில்லை. கோகிலவாணி கதவில் சாய்ந்து நின்று பார்த்தாள்.

"உழவுச் சால் கோணையாப் போவுதுங்க."

அவன் திருப்பிக் கொஞ்சம் நேராக்கினான். "நாளைக்கு நான் பஸ் ஏறலை," என்றான், திரையில் இருந்து கண்ணை எடுக்காமல். "கம்பெனிக்குச் சொல்லிக்கறேன்."

"நெசமாலுமா?"

"நெசமாத்தான். நாலு வரிசை பாக்கி இருக்குது. இங்க இல்ல, வெளிய."

அவள் அடுப்படிக்குப் போய் இரண்டு டம்ளர் காப்பி போட்டுக் கொண்டுவந்தாள். இருவரும் வாசலில் உட்கார்ந்து, யாருக்கும் பதில் சொல்லாமல், நிதானமாகக் குடித்தார்கள். பாதையில் போன மாணிக்கம் இவர்களைப் பார்த்துவிட்டு, வாயைத் திறந்து, விலக்கு ஞாபகம் வந்து, ஒரு பெரிய கேள்வியை அப்படியே விழுங்கிக்கொண்டு நடந்தார்.

ஆறு மணிக்கு ஊர் வந்தது. முன்னால் கருப்பண்ணன் குடத்தில் தண்ணீரோடு வந்தார். பின்னால் சாப்பாட்டுக்குத் தயாராகக் குழந்தைகுட்டிகளோடு எல்லோரும். பேசக் கூடாது என்பதால் வேலியோரம் வரைக்கும் வரிசையாக நின்று, இரண்டு நாளாகச் சேர்த்துவைத்ததைக் கேட்கத் துடித்துக்கொண்டிருந்தார்கள். கோகிலவாணி எழுந்து வாசல் ஓரத்துக்கு வந்து கும்பிட்டாள்.

"பெரீப்பா, இன்னும் எட்டு நாளைக்கு இப்படியே இருக்கட்டுங்க."

கருப்பண்ணன் குடத்தை இடுப்பு மாற்றி வைத்தார். "ஏங் கண்ணு, எறங்கலியா?"

"எறங்கிருச்சுங்க."

"பெட்டி ஓடலியா?"

"நல்லா ஓடுதுங்க."

"சந்தோசு போறானா?"

"இல்லீங்க, இருக்கறாருங்க."

"பின்னே என்ன சாமி?"

முப்பத்தைந்து வீடும் பதிலுக்காகக் காத்திருந்தது. ஊருக்கே சமைக்கச் சோம்பல் என்று மாணிக்கம் பிற்பாடு சொன்னார். ராதிகா வேறொன்று சொன்னாள். சந்தோஷ்குமாரே அவளிடம் இரண்டு தரம் கேட்டுப் பார்த்தான். கோகிலவாணி அன்றைக்கும் காரணம் சொல்லவில்லை, பிறகும் சொல்லவில்லை.

"குத்தம் வேணுமுங்கன்னா, அன்னிக்குச் சொன்னதுல பாக்கி நெறைய இருக்குதுங்க," என்று மட்டும் சொல்லிவிட்டு, உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.