மூஞ்சிக்காரர் வெட்டிய கை

அந்தத் தெருவில் சிற்பி வீடு எது என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. மூஞ்சிக்காரர் வீடு என்றால் கூடவே வந்து காட்டிவிட்டுப் போவார்கள். குழாய் வார்க்கும் பட்டறையில் கூலிக்கு இருந்த மனிதர், ஓய்ந்த நேரத்தில் மேஸ்திரியின் முகத்தை மெழுகில் பிடித்தார். மேஸ்திரி வாய்விட்டுச் சிரித்தார். மறுநாளே வேலையைவிட்டு நிறுத்தினார். அன்று தொடங்கிய பிழைப்பு. "செத்தவங்க மூஞ்சியை வச்சா பொழைக்கணும்? உனக்கு வேற வேலையே கிடைக்கலையா?" என்று அவருடைய அம்மா கடைசிவரை கேட்டுக்கொண்டிருந்தாள்.

முகம் செய்துவிடலாம். அந்த முகத்தின் சொந்தக்காரர்களைச் சமாளிப்பதுதான் பெரும்பாடு. களிமண்ணில் உருவம் முடிந்ததும் வீட்டாரைக் கூப்பிட்டுக் காட்டுவது பட்டறை வழக்கம். அவர்கள் சரி என்றால் அச்சு எடுத்து வெண்கலம் வார்ப்பார்; அதன்பிறகு மாற்ற வழியில்லை. வந்தவர்கள் சும்மா போவார்களா? தொந்தியைக் கரை, வழுக்கையை மூடு, மருவை எடு. உயிரோடு இருந்தவரை ஒரு மாத்திரை வாங்கித் தராத மகன், செத்த அப்பனுக்கு அகலமான தோள் கேட்பான். மூஞ்சிக்காரர் பல்லைக் கடித்துக்கொண்டு செய்து கொடுப்பார். அப்படிச் செய்துகொடுத்தே அவருக்குத் தலை நரைத்துவிட்டது.

தகடு வெட்டும் ஆலையில் முதன்முதலாகச் சங்கம் கட்டியவருக்குச் சிலை கேட்டு, இப்போதைய சங்கத் தலைவர் ஒரு போட்டோவோடு வந்தார். போட்டோவில் இடது கை மங்கலாக இருந்தது. மூஞ்சிக்காரர் கண்ணாடி முன்னால் தன் கையை வைத்துப் பார்த்தே அதைப் பிடித்தார். அவர் தொழிலில் எல்லோரும் செய்வதுதான்.

காட்டுகிற நாளில் தலைவரோடு இறந்தவரின் மனைவியும் வந்தார். கன்னத்தைப் பார்த்தார், காதைப் பார்த்தார். "அவரேதான்," என்றவர் இடதுபக்கம் வந்ததும் நின்றுவிட்டார்.

"இது யாரு கைங்கய்யா?"

"அவரு கைதாம்மா."

"அவருக்கு ஏது இந்தக் கை? முழங்கைக்குக் கீழே மெஷின் தின்னுடுச்சே. அந்த மெஷினுக்கு மூடி போடச் சொல்லித்தானே சங்கமே கட்டினாரு." அந்த அம்மாவின் பார்வை மண் கையிலிருந்து மூஞ்சிக்காரரின் அதேபோல் வளைந்த கட்டைவிரலுக்குப் போனது. "உங்க கையைக் கொண்டுபோய் அவருக்கு ஒட்டியிருக்கீங்க."

மூஞ்சிக்காரர் தலைவர் பக்கம் திரும்பினார். "என்ன தலைவரே இது?"

"போட்டோவுல சேர்த்து வரையச் சொன்னது நாங்கதாண்ணே. ஆலை வாசல்ல கம்பெனி இடம் தருது. கை இல்லாத ஆளை வாசல்ல நிறுத்தக் கூடாதுன்னுட்டாங்க. பார்க்கவும் நல்லாருக்கணும்ல."

"யாரு பார்க்க?"

"அண்ணே, ஊரோட ஒத்துப் போங்க. இத்தனை பேருக்குத் தொந்தியைக் கரைச்சவர்தானே நீங்க."

"கரைச்சேன்யா. அது அவங்க தின்ன சோறு. இது மெஷின் தின்ன கை. அந்தக் களவை என் கையை வச்சே மறைக்கச் சொல்றியா?"

மண் அறுக்கும் கம்பியை எடுத்தார். மண் சிலையின் முழங்கைக்குக் கீழே வைத்து ஒரே இழுப்பு. அவருடைய கை தொப்பென்று தரையில் விழுந்தது.

"வாசல்ல வைக்க விடமாட்டாங்க," என்றார் தலைவர்.

"விடாட்டி சங்க ஆபீஸ் முன்னால வை தம்பி," என்றார் அந்த அம்மா. "வேலைக்குப் போறவங்க அந்த வழியாத்தானே போகணும். அந்த மெஷினுக்கு மூடி போட்டாச்சா?"

தலைவர் தரையில் கிடந்த மண் கையைப் பார்த்தார்.

"போடல. அப்ப அவரு இப்படித்தான் நிக்கணும்."

"சட்டைக் கையை எப்படிம்மா விட்டுக்குவாரு?" என்று கேட்டார் மூஞ்சிக்காரர்.

அந்த அம்மா ஒரு ஈரத்துணியை வாங்கி, உள்பக்கமாக இரண்டு மடிப்பு மடித்து, மண் முழங்கைமேல் வைத்து அழுத்திக் காட்டினார். அதைப் பார்த்துப் பார்த்து மூஞ்சிக்காரர் மண்ணை இழைத்தார். பின்னாலிருந்து தலைவர், "கமிட்டியைக் கேட்கணும், ஒரு ரெண்டு நாள் பொறுங்கண்ணே," என்றார்.

"கேளு. நான் இப்பவே அச்சு எடுக்கிறேன்," என்று பிளாஸ்டர் மூட்டையைக் கிழித்தார் மூஞ்சிக்காரர்.