ஒரு பழம் பழுக்கட்டும்

எங்கள் வீட்டுக் கொல்லையில் ஒரு தக்காளிச் செடிக்கு நடந்த உபசாரம், அந்த வீட்டுக்கு வந்த எந்த மாப்பிள்ளைக்கும் நடந்ததில்லை. அப்பா அதற்குக் கொம்பு தேடி அலைந்தார். அம்மா தன் புடவையைக் கிழித்துக் கொடுத்தாள். பக்கத்து வீட்டிலிருந்து மோர் வந்தது. நல்ல தண்ணீரை அது குடித்தது, நாங்கள் உப்புத் தண்ணீரில் குளித்தோம். இத்தனையும் ஒரே ஒரு பழத்துக்காக. அந்தப் பழம் பழுத்தால் சித்தி பிரான்சுக்குக் கிளம்புவாள்.

சித்தி என்றால் அம்மாவின் தங்கை. சுரக்குடியில் அவர்களைப் பெற்றவர்கள் அடுத்தடுத்துப் போய்விட, அம்மா அவளைக் காரைக்காலுக்கு எங்களோடு அழைத்து வந்துவிட்டாள். எனக்கு விவரம் தெரிந்த நாளிலிருந்து தலை பின்னிவிட்டது சித்தி, பள்ளிக்கூடத்தில் கொண்டுவிட்டது சித்தி, காய்ச்சலில் கஞ்சி ஊட்டியது சித்தி. யாராவது விளையாட்டுக்கு, நீ யார் பெண் என்று கேட்டால் நான் கொஞ்சம் யோசித்துத்தான் பதில் சொல்வேன்.

எங்கள் ஊரில் ஒரு பெண்ணுக்கு நேஷனாலிட்டி உள்ள மாப்பிள்ளை அமைந்துவிட்டால் அதற்கு மேல் பேச்சே கிடையாது. நேஷனாலிட்டி என்றால் பிரெஞ்சு நேஷனாலிட்டி. வேறு எந்த நாட்டுக்கும் அந்தச் சொல்லை நாங்கள் செலவழிப்பதில்லை. சித்திக்கு அப்படி ஒருவர் வந்தார். லீவில் வந்தவர், ஜாதகம் பொருந்தியதும் கல்யாணம் முடித்து, லீவு முடிவதற்குள் திரும்பிப் போய்விட்டார். நல்லவர்தான். எனக்கு ஒரு டப்பா சாக்லேட் கொடுத்தார். அதற்கு மேல் அவரைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. சித்திக்கும் ஏறக்குறைய அவ்வளவுதான் தெரிந்திருக்கும் என்று இப்போது தோன்றுகிறது.

ஐப்பசி மழையில் விசா வந்தது. தெருவில் பார்க்கிறவர்கள் எல்லோரும் சாப்பிட்டாயா என்று கேட்பதை விட்டுவிட்டு, எப்போது கிளம்புகிறாய் என்று கேட்க ஆரம்பித்தார்கள். மழை விடட்டும் என்றாள் சித்தி. மழை விட்டது. கல்லூரியில் கூடப் படித்தவளின் கல்யாணம் இருக்கிறது என்றாள். அதுவும் ஆயிற்று. பிறகு சித்தப்பாவே போன் செய்து, அங்கே குளிர் கடுமை, பொங்கல் கழித்து வந்தால் போதும் என்று சொல்லிவிட்டார். அன்றைக்குச் சித்தி பாட்டுப் பாடிக்கொண்டே துணி துவைத்தாள்.

அந்த நாட்களில்தான் பாத்திரம் கழுவும் இடத்தில் தானாக முளைத்திருந்த ஒரு தக்காளி நாற்றை அவள் வேரோடு எடுத்து, மதிலோரம் வெயில் படும் இடத்தில் நட்டாள். பொங்கல் முடிந்து கரும்புச் சக்கையை வாரிக் கொட்டிய மறுநாள், சாப்பிடும்போது அப்பா டிக்கெட் பேச்சை எடுத்தார். சித்தி ரசத்தைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"ஒரு பழம் பழுக்கட்டும் அத்தான். நான் வெச்ச செடி. அத சாப்பிட்டுட்டுக் கெளம்பிடுறேன்."

அப்பா சிரித்துவிட்டார். ஒரு பழம்தானே, எத்தனை நாள் ஆகிவிடப் போகிறது. போனில் சித்தப்பாவிடம் சொன்னபோது அவரும் அங்கே சிரித்தார். இப்படியாக அந்தச் செடி குடும்பப் பொறுப்பாகிவிட்டது.

எனக்குக் கிடைத்தது தண்ணீர் இலாகா. எங்கள் பக்கம் கடல் கிட்டத்தில் இருப்பதால் போர்த் தண்ணீர் கரிக்கும். அதை ஊற்றினால் செடி கருகிவிடும் என்று அப்பா சொல்லிவிட்டார். விடிகாலையில் கொஞ்ச நேரம் வரும் குழாய்த் தண்ணீர்தான் அதற்கு. சித்தி எனக்கு ஊற்றும் முறையைக் காட்டினாள். இலையில் படக்கூடாது, இலையில் பட்டால் நோய் வரும். தண்டுக்குப் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, இடது கையை ஏந்தி, சொம்புத் தண்ணீரைக் கையில் விழவைத்து, அங்கிருந்து மண்ணுக்கு வழிய விட வேண்டும். அப்போதுதான் மண் அரித்து வேர் வெளியே தெரியாது. செடிக்கு நான் கஞ்சி ஊட்டுவதாக அப்பா கேலி செய்வார். கொடுத்த வேலையை நான் பெருமையாகச் செய்தேன்.

செடி வளர்ந்து ஒரு பக்கமாகச் சாய்ந்தது. அதற்கு முட்டுக் கொடுக்க அப்பா கைக்கு எட்டிய முருங்கைக் கிளையை ஒடித்து நட்டார். அலுவலகத்தில் கோப்பு பார்க்கிற மனிதருக்கு முருங்கையின் குணம் மறந்துபோயிருக்க வேண்டும். கொஞ்ச நாளில் அந்தக் கிளை பச்சைப்பசேல் என்று துளிர்விட்டது. தக்காளியைத் தாங்க வந்தது, தக்காளிக்கு நிழல் கொடுத்துக்கொண்டு நின்றது. துணைக்கு வந்தவன் வீட்டையே எழுதி வாங்கிய கதை என்று அம்மா சொல்லிக் காட்ட, அப்பா ரோஷத்தோடு சைக்கிளில் போய்ச் சவுக்குக் கொம்பு வாங்கி வந்து அடித்து இறக்கினார். முருங்கையைத் தூக்கி எறிய மனம் வராமல், பிடுங்கி வேலியோரம் நட்டோம். இன்றைக்கும் அது காய்த்துக்கொண்டிருக்கிறது.

கொம்பில் செடியைக் கட்ட அம்மா பழைய நூல்புடவையின் ஓரத்தைக் கிழித்துக் கொடுத்தாள். நான் ஆர்வத்தில் ஒரு கட்டை இறுக்கிப் போட்டுவிட்டேன். சித்தி அதை அவிழ்த்தாள். "இறுக்கிக் கட்டினா தண்டு அறுந்துடும்டி. அது கொஞ்சம் ஆடணும், சாயணும். அதுக்கும் எடம் விடணும்ல" என்று சொல்லி, ஒரு விரல் நுழைகிற மாதிரித் தளர்வாக முடிச்சுப் போட்டாள். பிறகு நெடுநேரம் அந்த முடிச்சையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

செடி என் தலைக்கு மேல் போயிற்று. மஞ்சள் மஞ்சளாகப் பூ எடுத்தது. ஆனால் காய் மட்டும் இறங்கவில்லை. மாசி பிறந்தது. சித்தப்பாவின் போன் கொஞ்சம் அடிக்கடி வந்தது, அவர் சிரிப்பது குறைந்தது. அப்பா மண்ணைக் குறை சொன்னார். அம்மா கண்ணேறு என்றாள். பக்கத்து வீட்டு லாத்தா, புளித்த மோரில் பெருங்காயத்தைக் கரைத்துத் தெளித்தால் பூ உதிராது என்று சொல்லி, மோரையும் தானே கொண்டுவந்து தந்தார். அவர் கணவர் வருஷக்கணக்காக சவுதியில் இருந்தார். லாத்தா என்றால் அக்கா, தெருவில் சின்னவர் பெரியவர் எல்லோருக்கும் அவர் லாத்தாதான். மோர் தெளித்த அன்று கொல்லை முழுக்கக் கல்யாணப் பந்தி மாதிரி மணந்தது. லாத்தா செடியைப் பார்க்கவில்லை, சித்தியைத்தான் பார்த்தார். "அவசரப்படுத்தாதீங்கம்மா. காய்க்கிறப்பக் காய்க்கும்" என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுப் போனார்.

ஒரு நாள் குழாயில் தண்ணீர் வழக்கத்தைவிடச் சீக்கிரம் வந்துவிட்டது. நான் சொம்போடு கொல்லைக்குப் போனபோது சித்தி செடியருகே நின்றிருந்தாள். பூத்திருந்த பூவை ஒவ்வொன்றாகக் கிள்ளி முந்தானையில் போட்டுக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் கை நின்றது. ஏன் சித்தி கிள்ளுகிறாய் என்று கேட்டேன்.

"இது ஆம்பளப் பூடி. காய்க்காது. இருந்தா செடியோட சத்தெல்லாம் இழுத்துக்கும்."

எனக்கு அது உடனே விளங்கிவிட்டது. எங்கள் குளியலறைக் கூரையில் பூசணிக்கொடி படர்ந்திருந்தது. மார்கழி மாதம் வாசல் கோலத்தில் சாணிப் பிள்ளையாருக்கு வைக்கப் பூப் பறிப்பது என் வேலை. காம்பு நீண்ட ஆண் பூவைத்தான் பறிக்க வேண்டும், அடியில் குட்டிப் பிஞ்சோடு இருக்கும் பெண் பூவைத் தொட்டால் அம்மாவிடம் உதை விழும். ஆகவே ஆண் பூ, பெண் பூ விஷயத்தில் நான் அந்தத் தெருவிலேயே தேர்ந்தவள். தக்காளிக்கும் அப்படித்தான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு, எட்டாத உயரத்தில் இருந்த இரண்டு பூவைச் சித்திக்குக் காட்டியும் கொடுத்தேன்.

புதிதாகத் தெரிந்துகொண்டதை அம்மாவிடம் போய்ச் சொன்னேன். அம்மா அரிவாள்மணையில் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். பாதி நறுக்கிய காய் கையிலேயே இருந்தது. வயலும் வரப்பும் பார்த்து வளர்ந்தவள் அம்மா. "சித்தி சொன்னா சரியாத்தான் இருக்கும். இத அப்பாகிட்ட சொல்லிக்கிட்டு இருக்காத" என்றாள். அப்பாவுக்கு ஏன் சொல்லக்கூடாது என்று எனக்குப் புரியவில்லை. முருங்கைக் கொம்பு விஷயத்தில் ஏற்கெனவே அவமானப்பட்டவருக்கு இன்னொரு பாடம் வேண்டாம் என்று நினைத்திருப்பாள் என்று நானே ஒரு காரணம் வைத்துக்கொண்டேன்.

செடியை எல்லோரும் நின்று பார்த்தார்கள். குந்தி உட்கார்ந்து பார்த்தவள் நான் ஒருத்திதான். அதனால்தான் அது என் கண்ணில் பட்டது. அடியில், புடவைத் துணிக்கும் கொம்புக்கும் நடுவே மாட்டிக்கொண்ட ஒரு சின்னக் கிளையில், இலைக்குப் பின்னால் ஒரு காய். எலுமிச்சை அளவுகூட இல்லை. கையில் ஏந்திய தண்ணீர் கீழே கொட்டியதுகூடத் தெரியாமல் பார்த்துக்கொண்டிருந்தேன். யாரிடமும் சொல்லவில்லை. பழுத்த பிறகு காட்டினால் சித்தி எப்படிச் சந்தோஷப்படுவாள் என்று மனசுக்குள் பார்த்துப் பார்த்து ரசித்தேன். பிரான்சுக்குப் போவது என்பது சுரக்குடிக்குப் போய்விட்டு சாயங்கால பஸ்ஸில் திரும்புவதைப் போல, கொஞ்சம் தூரம் கூடுதல், அவ்வளவுதான் என்பது என் எண்ணம்.

காய் வெளுத்தது, மஞ்சளாயிற்று, சிவந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் நான் கொல்லையிலிருந்து கத்திக்கொண்டே ஓடிவந்தேன். அம்மாதான் முதலில் எதிரே வந்தாள். வந்தவள் ஈரக் கையால் என் வாயைப் பொத்தினாள். ஆனால் அதற்குள் அப்பா செய்தித்தாளை மடித்து வைத்துவிட்டு எழுந்துவிட்டார். பழத்தைக் குனிந்து பார்த்துவிட்டு, அங்கே விடிந்திருக்குமா என்றுகூட யோசிக்காமல் சித்தப்பாவுக்குப் போன் போட்டார். சித்தி மெதுவாக வந்து, இலையை விலக்கிப் பார்த்தாள். பிறகு என் தலையைத் தடவினாள்.

"நல்லாத் தண்ணி ஊத்தியிருக்கடி நீ" என்றாள்.

இதெல்லாம் எனக்கு வெகு நாள் வரைக்கும் ஒரு வேடிக்கைக் கதையாகத்தான் இருந்தது. பிளஸ் ஒன் படிக்கும்போது தாவரவியல் வகுப்பில் டீச்சர் ஒரு தக்காளிப் பூவைப் பிளந்து காட்டினார். இதில் ஆண் தனி, பெண் தனி என்று கிடையாது, ஒரே பூவுக்குள் இரண்டும் இருக்கும், ஒவ்வொரு பூவும் காய்க்கக்கூடியது என்றார். அதற்குப் பிறகு அவர் சொன்ன எதுவும் என் காதில் விழவில்லை. சித்தியின் முந்தானையில் இருந்த மஞ்சள் பூக்கள்தான் கண் முன்னே நின்றன. வீட்டுக்கு வந்து அம்மாவின் முகத்தைப் பார்த்தேன். கேட்க நினைத்ததைக் கேட்கவில்லை. போக உனக்கு விருப்பமா என்று அந்த வீட்டில் ஒருவரும் சித்தியைக் கேட்கவில்லை. தாலி ஏறிய பிறகு அது கேட்கிற கேள்வியே இல்லை என்று எல்லோரும் நினைத்தார்கள். அம்மாவும் கேட்கவில்லை, ஆனால் பூ விஷயம் புரிந்தும் காட்டிக்கொடுக்காமல் தன்னால் முடிந்த மட்டும் நாள் தள்ளிப்போக விட்டிருக்கிறாள்.

சித்தி அங்கே நன்றாகத்தான் இருக்கிறாள். இரண்டு பையன்கள். சித்தப்பா நல்லவர்தான் என்பது போகப் போக அவளுக்கும் தெரிந்திருக்கிறது. போன வருஷம் பால்கனியில் தொட்டியில் வைத்த தக்காளிச் செடியைப் படம் எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பினாள். குச்சியில் துணி கட்டித் தளர்வாக முடிச்சுப் போட்டிருந்தது. கொத்துக் கொத்தாகக் காய்த்திருந்தது. ஆம்பளைப் பூவை எல்லாம் கிள்ளிவிட்டாயா சித்தி என்று எழுதினேன். எழுதிவிட்டுப் பயந்துபோய், அழித்துவிடலாமா என்று போனையே பார்த்துக்கொண்டிருந்தேன். பதில் வந்துவிட்டது. "இங்க ஆம்பளப் பூவே பூக்கறதில்லடி."

அந்தப் பழத்தைச் சாப்பிட்டதைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். அம்மா அதைக் கழுவிச் சாமி மாடத்தில் வைத்து எடுத்து, தட்டில் வைத்து நறுக்கினாள். லாத்தாவும் வந்திருந்தார். ஆளுக்கு ஒரு கீற்றுதான். நகத்தளவுக்குத்தான் இருந்தது. முதல் கீற்று சித்திக்கு. அவள் அதை வாயில் போட்டு, ஒரு கீற்றுக்கு அவ்வளவு நேரம் எதற்கு என்று தோன்றும்படி மென்றுகொண்டே இருந்தாள். கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள். அப்பா டிக்கெட் தேதி பற்றிப் பேசிக்கொண்டிருந்தார். லாத்தா குனிந்து முக்காட்டைச் சரிசெய்தார். அம்மா வெறும் தட்டைத் துடைத்தாள்.

பழம் புளிப்பு, அதனால்தான் சித்திக்குக் கண் கலங்குகிறது என்று எனக்குப் பட்டது. பெரியவர்கள் இத்தனை பேர் இருந்தும் ஒருவருக்கும் இது தோன்றவில்லையே என்று நினைத்துக்கொண்டு அடுக்களைக்கு ஓடி, சர்க்கரை டப்பாவைத் தூக்கிக்கொண்டு வந்தேன். என் பங்குக் கீற்றில் சர்க்கரையைத் தூவிச் சித்தியின் வாயில் ஊட்டினேன். சித்தி வாயை மூடிக்கொண்டு தலையாட்டினாள்.

"இப்ப இனிக்குதா சித்தி?"

"இனிக்குதுடி."

அன்றைக்குப் பூராவும் எனக்குக் கால் தரையில் பாவவில்லை. சித்தியின் கண்ணீரை நிறுத்தியது நான்தான் என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன்.