பூட்டுக்குக் காட்டிய சூடம்

ராஜபாளையத்தில் எங்கள் பருப்புக் கிட்டங்கிக்குச் சீல் வைத்தது எண்பதுகளின் நடுவில், ஒரு ஆடிப் பூரத்தன்று. வருஷா வருஷம் தேர் வடம் பிடிக்க என் வீட்டுக்காரர் ஸ்ரீவில்லிபுத்தூர் போய்விடுவார். அன்று போகிற அவசரத்தில், வாசலில் தொங்கும் இருப்புப் பலகையில் சரக்கு விவரத்தை எழுத மறந்துவிட்டார். எழுதாதது தப்புதான், இல்லை என்று சொல்லவில்லை. அதற்காகச் சோதனைக்கு வந்த அதிகாரிகள் பதுக்கல் என்று பெயர் சூட்டி, பூட்டின் மேல் துணி சுற்றி, அரக்கு உருக்கி, முத்திரை குத்திவிட்டுப் போனார்கள். சரக்கு முழுவதையும் பறிமுதல் செய்யப்போவதாக நோட்டீஸும் வந்தது.

எங்கள் சரக்கு மட்டும் என்றால் எனக்கு இத்தனை வயிற்றெரிச்சல் இருந்திருக்காது. மகாராஜபுரத்தில் விவசாயம் பார்க்கும் என் அண்ணனின் விதை உளுந்து மூன்று மூட்டை உள்ளே கிடந்தது. அவர் வீட்டுக் கூரை ஒழுகுகிறதே என்று நான்தான் இங்கே கொண்டுவந்து போடச் சொன்னேன். விதை உளுந்தை அவ்வப்போது வெயிலில் காயப்போட வேண்டும். இல்லாவிட்டால் வண்டு விழுந்துவிடும். இதை நான் யாரிடம் சொல்லவில்லை? கேட்டவர்கள் எல்லாம் மனு எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள்.

பறிமுதல் விசாரணை முடிகிறவரை சரக்கை எங்கள் பொறுப்பிலேயே விட வேண்டும் என்று ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் வக்கீல் மனுப் போட்டார். அந்த நேரம் பார்த்து நான் ஒரு காரியம் செய்தேன். வெள்ளிக்கிழமைதோறும் கிட்டங்கிப் பூட்டுக்குச் சூடம் காட்டுவது எங்கள் வழக்கம். சீல் வைத்துவிட்டால் சாமி கும்பிடக் கூடாதா என்ற வீம்பில், பெரிய கட்டியாகக் கொளுத்தி, தட்டைப் பூட்டோடு ஒட்டிப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடி வேண்டினேன். கண்ணைத் திறந்தபோது அரக்கு இளகி, முத்திரை எழுத்தெல்லாம் வழிந்து தரையில் சொட்டிக்கொண்டிருந்தது.

சீலை உடைத்துச் சரக்கைக் கடத்தினார்கள் என்று எதிர்த்தரப்பு சொல்ல அது போதாதா? என்னைக் கூண்டில் ஏற்றினார்கள்.

"சூடந்தான் காட்டுனேன் ஐயா. வேற ஒண்ணும் பண்ணலை" என்றேன்.

கோர்ட்டே சிரித்தது. எங்கள் வக்கீலும் சேர்ந்து சிரித்தார். அவருக்கு ஃபீஸ் கொடுத்தது நாங்கள். நீதிபதி மட்டும் சிரிக்காமல், பூட்டை நேரில் போய்ப் பார்த்து அறிக்கை தரும்படி அதிகாரிகளிடம் சொல்லி வாய்தா போட்டார். அறிக்கை வரவில்லை என்று ஒரு வாய்தா, அரசு வக்கீல் வரவில்லை என்று ஒரு வாய்தா. ஒவ்வொன்றுக்கும் அண்ணன் பஸ் ஏறி வந்து கோர்ட் வாசலில் நின்றார். என்னை ஒரு வார்த்தை திட்டியிருந்தால் மனசு ஆறியிருக்கும். "மழைக்குள்ள கெடச்சிருமா தாயி?" என்று மட்டும் கேட்பார்.

விடுவிக்கச் சொல்லி உத்தரவு வந்தபோது ஐப்பசி மழை முடிந்திருந்தது. அண்ணன் நிலம் தரிசாகக் கிடந்தது. விசாரணை முடிகிறவரை விற்கக் கூடாது, இடம் மாற்றக் கூடாது என்று நிபந்தனை வேறு. அதிகாரி வந்து கதவைத் திறந்து மூட்டைகளை எண்ணினார். எண்ணிக்கை சரியாக இருந்தது. நல்ல நிலையில் பெற்றுக்கொண்டதாக எழுதிய தாளை நீட்டினார். என் வீட்டுக்காரர் பேனாவைத் திறந்துவிட்டார்.

எனக்குப் பொறுக்கவில்லை. மாதிரி எடுக்க மூட்டை குத்தும் ஊசியை எடுத்து அண்ணன் மூட்டையில் சொருகி, வந்ததை அதிகாரியின் உள்ளங்கையில் கொட்டினேன். மாவும் வண்டும்தான் பாதிக்கு மேல்.

"இதுல எது நல்ல நிலையில இருக்குன்னு காட்டுங்க சார். பொறவு கையெழுத்துப் போடுதோம்."

அவர் கையை உதறினார். கையெழுத்து இல்லையென்றால் மறுபடி சீல்தான் என்றார். வீட்டுக்காரர் போட்டுவிட்டார். அண்ணன் குனிந்து, தரையில் சிதறியதில் ஓட்டை விழாத உளுந்தாகப் பொறுக்கித் துண்டில் முடிந்துகொண்டிருந்தார்.

அதையும் மூட்டையிலேயே போடச் சொன்னார் அதிகாரி. பறிமுதல் விசாரணை இன்னும் முடியவில்லையாம்.