பிளேஸ்டோ தவறவிட்ட கவுன்சிலர்

யாழ்ப்பாணத்து நீதிமன்றங்களில் பேசிப் பேரெடுத்த பாலேந்திராவுக்கு லண்டனில் வாய்த்தது ஓர் ஆஸ்பத்திரியின் சலவைப் பகுதி. எண்பத்து மூன்றாம் ஆண்டுக் கலவரத்துக்கு அடுத்த வருடம் மனைவி தவநாயகியோடு கிழக்கு லண்டனின் பிளேஸ்டோவுக்கு வந்து சேர்ந்தவர், அழுக்குப் படுக்கை விரிப்புகள் குவிந்த வண்டியைத் தள்ளும்போதும் கழுத்திலிருந்த டையைக் கழற்றவில்லை. வண்டியின் மறுமுனையைத் தள்ளியவன் ரெனாட்டோ. பிலிப்பைன்ஸ்காரன். நர்ஸ் வேலைக்கு வந்த மனைவியின் பின்னால் வந்தவன். அவனும் தன் ஊரில் வழக்கறிஞனாம். ஆளைப் பார்த்தால் அப்படித் தெரியாது, எந்நேரமும் சிரித்துக்கொண்டிருப்பான். வழக்கறிஞன் என்றால் முகத்தில் கொஞ்சமாவது கனம் வேண்டாமா என்று பாலேந்திரா நினைத்துக்கொள்வார்.

வேலை முடிந்ததும் ரெனாட்டோ இங்கிலாந்துச் சட்டப் பரீட்சைக்குப் படிக்கப் போனான். “நீங்களும் வாருங்கள், மிஸ்டர் பாலேந்திரா, சேர்ந்து படிக்கலாம்,” என்று மனம்விட்டுக் கூப்பிட்டான். எதிர்த்தரப்புச் சாட்சிகளை அழவைத்த மனிதர், மீசை முளைக்காத பையன்களோடு வாங்குப் பலகையில் குந்தியிருந்து சோதனை எழுதுவதா? படிக்கட்டும், எத்தனை தரம் கோட்டை விடுகிறான் பார்ப்போம் என்று இருந்துவிட்டார். அவன் ஒரு தரமும் கோட்டை விடவில்லை. மனிதருக்கு வியாதி அங்கேதான் தொடங்கியது.

எண்பத்தெட்டில் பிளேஸ்டோவின் சட்ட உதவி நிலையமொன்றில் ரெனாட்டோ வக்கீலாக உட்கார்ந்தான். அகதி வழக்கு, வாடகை வழக்கு, கவுன்சில் வீட்டு வழக்கு எல்லாம் அவனிடம் போயின. போனவர்களில் பாதிப்பேர் தமிழர்கள். “நல்ல மனுசன், அண்ணை. சொல்லுறதை வடிவாக் கேக்கிறான்,” என்று பாலேந்திராவிடமே வந்து புகழ்ந்தார்கள். அவருக்கு வயிறு பற்றி எரிந்தது. ஊரில் விடியமுன்னம் தன் வாசலில் காத்து நின்ற சனமல்லவா இது? இப்போது, “உங்கடை சிநேகிதன்தானே, எங்களுக்காக ஒருக்கால் சொல்லிவிடுங்கோவன்,” என்று சிபாரிசு வேறு கேட்டது.

கடைசியில் அந்த நெருப்பு வீட்டுக்குள்ளும் வந்தது. அகதியாக வந்திருந்த தவநாயகியின் தம்பி இராஜேந்திரனை இலங்கைக்குத் திருப்பி அனுப்பப் போகிறார்கள் என்றதும், அவள் கணவனிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் ரெனாட்டோவிடம் போய்வந்தாள்.

“வீட்டிலை ஒரு லோயரை வைச்சுக்கொண்டு பிறத்தியானிட்டைப் போவியோ?” என்று பாலேந்திரா குதித்தார்.

“நீங்கள் துணியெல்லோ தோய்க்கிறியள்,” என்றாள் தவநாயகி. குத்திக்காட்டுவதற்காகச் சொன்னதல்ல, உள்ளதைச் சொன்னாள். அதனால்தான் கூடுதலாகச் சுட்டது. இராஜேந்திரன் இங்கேயே இருக்கலாம் என்று அனுமதி வந்த அன்று வீடு முழுக்கப் பாயாசமும் சிரிப்புமாக இருந்தது. பாலேந்திரா தலையிடி என்று போர்த்துக்கொண்டு படுத்துவிட்டார்.

தொண்ணூறாம் ஆண்டு கவுன்சில் தேர்தல் வந்தது. இருவரும் ஒரே கட்சி. அவர்கள் வட்டாரத்து இடத்துக்கு ரெனாட்டோ நிற்கப்போகிறான் என்று கேள்விப்பட்டதும் பாலேந்திராவுக்குச் சோறு இறங்கவில்லை. இலங்கை ஒரு காலத்தில் வெள்ளைக்காரன் ஆண்ட நாடு என்பதால் அவருக்கு வந்தவுடனேயே வாக்குரிமை. ரெனாட்டோவோ பிரிட்டிஷ் பிரஜையாகும்வரை காத்துக் கிடந்தவன். நேற்று வாக்குக் கிடைத்தவன் இன்றைக்குக் கவுன்சிலரா? மளிகைக்கடை கிறிஸ்துராஜாவும் அதையே கேட்டார். “நீங்கள் நில்லுங்கோ அண்ணை. எங்கடை ஆக்கள் முழுப்பேரும் உங்களுக்குத்தான் கை தூக்குவினம்.”

“பாப்பம்,” என்று மட்டும் சொன்னார் பாலேந்திரா. ஆனால் நன்றியுரை அப்போதே மனதுக்குள் தயாராகிவிட்டது.

வேட்பாளரைத் தெரிவு செய்யும் கூட்டத்தில் பாதி மண்டபத்துக்கு மேல் தமிழர்கள். தவநாயகியும் வந்திருந்தாள். தலைமை வகித்த மிஸஸ் ஹார்ட்லி முதலில் ரெனாட்டோவின் பெயரை எழுதிக்கொண்டார். அடுத்து கிறிஸ்துராஜா எழுந்து பாலேந்திராவின் பெயரைச் சொல்ல, கைதட்டல் அதிர்ந்தது. நின்றாலே வெற்றி என்பது எல்லோருக்கும் தெரிந்தது.

பாலேந்திரா எழுந்தார். நல்ல குடும்பத்து மனிதர் பெயர் சொன்னவுடன் பதவியில் பாய்ந்து விழுவாரா? நம்முடைய சங்கங்களில் தலைவர் தெரிவு எப்படி நடக்கும்? பெயரைச் சொல்வார்கள், அவர் வேண்டாம் என்பார், விடமாட்டோம் என்று எல்லோரும் நெருக்குவார்கள், அதற்குப் பிறகுதானே சபையின் விருப்பத்துக்கு இணங்குவார்? “என்னைவிடத் தகுதியானவர்கள் இருக்கிறார்கள். எனக்கு வேண்டாம்,” என்று அழகான ஆங்கிலத்தில் சொல்லி, தலையைத் தாழ்த்திக்கொண்டு, நெருக்குவார்கள் என்று காத்து நின்றார்.

“நன்றி, மிஸ்டர் பாலேந்திரா. அப்படியானால் ஒரே ஒரு பெயர்தான்,” என்ற மிஸஸ் ஹார்ட்லி பேனாவால் ஒரு கோடு இழுத்தார்.

தமிழர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். ஆங்கிலக் கூட்டத்தில் எழுந்து மறுத்துப் பேச ஒருவருக்கும் நா எழவில்லை. எழுந்தவன் ரெனாட்டோ.

“மன்னிக்க வேண்டும். அவர் அதை மனதாரச் சொல்லவில்லை. எங்கள் ஊரிலும் இப்படித்தான், முதல் தரமே சரி என்றால் மரியாதை இல்லை. தயவுசெய்து இன்னொரு தரம் கேளுங்கள். அவரிடம் தோற்றாலும் எனக்கு வருத்தமில்லை.”

மிஸஸ் ஹார்ட்லி மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். “நீங்கள் போட்டியிட விரும்புகிறீர்களா, மிஸ்டர் பாலேந்திரா?”

சரி என்ற சொல் நாக்கு நுனியில் நின்றது. இத்தனை வருடமாக ஏங்கியது கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. ஆனால் அதை எடுத்துக் கொடுப்பவன் யார்? நாளைக்கு எவ்வளவு பெரிய ஆளானாலும், இவன் போட்ட பிச்சை என்று தன் நெஞ்சே சொல்லாதா? கேலிக்காகச் சொல்லியிருந்தாலாவது தாங்கியிருப்பார். அவன் உண்மையாகவே நல்லவனாக இருந்தான், அதைத்தான் அவரால் பொறுக்க முடியவில்லை.

“இல்லை,” என்றார். “நான் மனதாரத்தான் சொன்னேன்.”

ரெனாட்டோவுக்காகக் கைகள் உயர்ந்தன. மே மாதம் அவன் கவுன்சிலருமானான்.

அன்று கூட்டம் முடிந்து இருவரும் பஸ்ஸில் திரும்பினார்கள். இறங்கும் இடம் நெருங்கியபோது தவநாயகி கேட்டாள்.

“அந்தாள் எழும்பாமல், வேறை ஆராவது எழும்பித் திருப்பிக் கேக்கச் சொல்லியிருந்தால் என்ன சொல்லியிருப்பியள்?”

“ஓம் எண்டிருப்பன்,” என்றார் பாலேந்திரா. “வேறை ஆர் எழும்பியிருந்தாலும் ஓம் எண்டிருப்பன்.”