ஸ்காலர்ஷிப் பசங்கல்லாம் எழுந்து நில்லுங்க

இன்று பள்ளியில் நடந்ததைக் கூட்டாமல் குறைக்காமல் எழுதப்போகிறேன். என் தோழியின் பெயரை மட்டும் எழுதமாட்டேன்.

கழிவுநீர்த் தொட்டி சுத்தம் செய்பவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுத்த ஓர் அக்கா, அதைத் திரையிட எங்கள் தாம்பரம் பள்ளிக்கு வந்திருந்தார். குரோம்பேட்டையிலிருந்து பஸ்ஸில் நின்றுகொண்டே வந்தாராம். புரொஜெக்டர் பையை இறக்கியதும் பெஞ்சில் சாய்ந்துவிட்டார்.

எங்கள் மிஸ்ஸுக்கு அவருக்கு உதவ ஆசை.

"ஸ்காலர்ஷிப் பசங்கல்லாம் எழுந்து நில்லுங்க. அப்பா என்ன வேலை பண்றாருன்னு மேடம் கேமராவுல சொல்லுங்க."

ஸ்காலர்ஷிப் வாங்கும் என் தோழியின் அப்பாவுக்கும் தொட்டி சுத்தம் செய்யும் வேலைதான். வகுப்புப் பிள்ளைகளில் அது எனக்கு மட்டும்தான் தெரியும். பெஞ்சுக்கு அடியில் அவள் என் கையை இறுக்கிப் பிடித்தாள்.

"டிவில வருமா மிஸ்? அப்ப நானும் நிக்கிறேன்," என்றாள் பின்னால் ஒருத்தி. எல்லோரும் சிரித்தார்கள்.

"வெக்கப்படாம எழுந்திரும்மா." மிஸ் என் தோழியைப் பார்த்தே சொன்னார். அவள் பாதி எழுந்துவிட்டாள்.

"எந்த ஸ்கூலுக்குப் போனாலும் இதேதான்," என்று முணுமுணுத்தபடி அக்கா எழுந்தார். பிறகு சத்தமாகச் சொன்னார்: "யாரும் நிக்க வேணாம் மிஸ். படம் காட்டத்தான் வந்தேன். லைட்டை அணைச்சிடுங்க."

"பேட்டி வேணாமா மேடம்?"

"வேணாம் மிஸ். லைட்."

தோழி உட்கார்ந்தாள். என் கையை மட்டும் விடவில்லை.

அவள் முகம் எப்படி இருந்தது என்று கமெண்டில் கேட்காதீர்கள். உண்மையை மட்டும் எழுதுவதாகச் சொல்லியிருக்கிறேன். விளக்குகளை அணைத்துவிட்டார்கள்.